காயத்தில் எழுதிய காவியம்

ஆலங்காயம்! சவ்வாது மலையின் அடிவாரத்து ஊர். பழைய வட ஆர்க்காடு மாவட்டத்தில் இருந்து, பிறகு வேலூர் மாவட்டத்தில் இருந்து, 2019 முதல் திருப்பத்தூர் மாவட்டத்தில் இருக்கும் ஊர். அந்தப் பெயர் எப்படி வந்தது என்று ஆராய்வதற்கு அல்ல இக்கட்டுரை. ஆனால் அப்பெயரைச் சொல்லும்போதெல்லாம் இறுதியில் ஒலிக்கும் சொல் ஒன்று சிந்தனையைக் கிளறுகிறது. காயம்! தமிழிலே அச்சொல்லுக்கு வானம் என்றும் பொருள் உண்டு. உடல் என்றும் பொருள் உண்டு. புண் என்றும் பொருள் உண்டு. இம்மூன்றையும் ஒரே கயிற்றால் கட்டிய கதை நம் நாட்டு வரலாற்றில் உண்டு. அந்தக் கயிறு இதிகாசம். கட்டியவர் யார், கட்டுண்டவர் யார்? அதைத்தான் நாம் காண வேண்டும்.

வானத்திலிருந்து தொடங்குவோம்.

ஆலங்காயத்திலிருந்து மலைப்பாதையில் ஏறினால் காவலூர். நகரத்து விளக்கொளி எட்டாத இருள் சூழ்ந்த இடம் என்பதால் வானியல் அறிஞர் வைணு பாப்பு அம்மலையைத் தேர்ந்தார். 1968-இல் 38 சென்டிமீட்டர் தொலைநோக்கி ஒன்றுடன் பணி தொடங்கிற்று. 1972-இல் ஒரு மீட்டர் தொலைநோக்கி வந்தது. 1986-இல் 2.3 மீட்டர் விட்டமுள்ள பெரிய தொலைநோக்கி, இந்த நாட்டிலேயே செய்யப்பட்டு, அங்கே நிறுவப்பட்டது. அதைக் காண 1982-இல் மறைந்த பாப்பு இல்லை. அவர் பெயர்தான் இருக்கிறது.

1977 மார்ச் 10. யுரேனசு என்னும் கோள், தொலைவிலுள்ள விண்மீன் ஒன்றின் குறுக்கே சென்று அதன் ஒளியை மறைத்தது. மறைப்பதற்குச் சற்று முன்னும், விலகிய சற்றுப் பின்னும், அவ்விண்மீனின் ஒளி மங்கி மங்கி மீண்டது. ஏன் மங்கிற்று? கோளைச் சுற்றி வளையங்கள் இருந்தன! அதைக் கண்காணித்த நிலையங்களில் காவலூரும் ஒன்று. ஒரு பொருள் மற்றொன்றை மறைத்தது. மறைத்ததை மனிதன் அளந்தான். அளந்ததால் அதுவரை அறியாத ஒன்றை அறிந்தான். மறைப்பு அவனுக்கு அறிவு தந்தது.

இதே மறைப்பை நம் இதிகாசம் எப்படி விளக்கிற்று? பாரதத்தின் ஆதிபருவம் சொல்கிறது: பாற்கடல் கடைந்து அமுதம் எடுத்தார்களாம். தேவர் வேடத்தில் வந்து இராகு என்பவன் அமுதம் அருந்தினானாம். சூரியனும் சந்திரனும் காட்டிக் கொடுத்தார்களாம். அமுதம் தொண்டையைத் தாண்டுமுன்னே திருமாலின் சக்கரம் தலையை அறுத்ததாம். அமுதம் பட்ட தலை சாகாது நின்று, காட்டிக் கொடுத்த இருவரையும் இன்றுவரை விழுங்கித் துரத்துகிறதாம். அதுதான் கிரகணமாம்! வானத்தில் நடப்பதற்கு விளக்கம், அறுபட்ட ஓர் உடல்!

'அந்தக் காலத்தில் அவ்வளவுதான் தெரியும், பாவம்' என்பார்கள் சிலர். அப்படியா? கி.பி. 499-இல் ஆரியபட்டர் தம் நூலிலே எழுதினார்: சந்திரன் மறைப்பதால் சூரிய கிரகணம், புவியின் நிழல் விழுவதால் சந்திர கிரகணம் என்று. தெரிந்தவர் இருந்தார். தெரிந்ததை எழுதினார். பிறகு என்ன நடந்தது? 628-இல் நூல் எழுதிய பிரமகுப்தர், கிரகணத்தைக் கணிப்பதற்கு நிழற்கணக்கையே கையாண்டவர். ஆனாலும், இராகுவின் தலையை மறுப்பவர்கள் வேதத்துக்கும் சுமிருதிக்கும் மாறானவர்கள் என்று வாதாடினார். கணக்கிலே நிழல், கருத்திலே தலை! சுமார் 1030-இல் இந்நாட்டைப் பற்றி எழுதிய அல்பிரூனி, இவ்வளவு கற்றவர் ஏன் இப்படி எழுதினார் என்று வியந்து வருந்தியிருக்கிறார். அறியாமை வேறு, அறிந்தும் பணிவது வேறு. முன்னது மனித இயல்பு. பின்னது அச்சத்தின் விளைவு.

அந்த அச்சத்தின் விலையை யார் கொடுத்தார்கள்? கிரகண நாளில் கருவுற்ற பெண்ணை இருட்டறையிலே அடைத்தார்கள். உண்ணாதே என்றார்கள். கத்தியைத் தொடாதே, தொட்டால் பிள்ளை உதடு பிளந்து பிறக்கும் என்றார்கள். வானத்தில் அறுபட்டதாகச் சொன்ன தலைக்காக, மண்ணிலே ஒரு தாய் பட்டினி கிடந்தாள். கிரகண நேரத்தில் ஊரறியக் கூடி உணவுண்டு காட்டிய நம் இயக்கத் தோழர்கள், வெறும் விளையாட்டுக்காக அதைச் செய்யவில்லை. அந்தத் தாயின் வயிற்றிலிருந்து இராகுவை விரட்டுவதற்காகச் செய்தார்கள்.

வானம் போகட்டும், உடலுக்கு வருவோம்.

இருக்கு வேதத்தின் பத்தாம் மண்டலத்திலே புருட சூக்தம் என்று ஒன்று உண்டு. ஒரு மாபெரும் மனித உடலைத் தேவர்கள் வேள்வியில் பலியிட்டார்களாம். அவ்வுடலின் கண் சூரியனாயிற்றாம், மனம் சந்திரனாயிற்றாம். அவ்வளவோடு நின்றிருந்தால் அதைப் பழங்காலத்துக் கவிஞனின் கற்பனை என்று பாராட்டிவிட்டுப் போயிருக்கலாம். நின்றதா? வாய் பிராமணனாயிற்று, தோள் சத்திரியனாயிற்று, தொடை வைசியனாயிற்று, காலில் சூத்திரன் தோன்றினான் என்று தொடர்ந்தது. உலகம் பிறந்த கதைக்குள்ளே ஊர்ப் பிரிவினை நுழைந்தது! இந்தப் பாட்டை வரிவரியாகக் கூறுபோட்டு ஆராய்ந்தவர் அண்ணல் அம்பேத்கர். 1946-இல் வெளிவந்த அவருடைய நூலுக்குப் பெயரே 'சூத்திரர்கள் யார்?' என்ற கேள்விதான்.

வேதத்தில் சொன்னதை இதிகாசம் மறந்துவிடவில்லை. வான்மீகியின் ஆரணிய காண்டத்தைப் புரட்டிப் பாருங்கள். சடாயு என்னும் கழுகு இராமனுக்குத் தன் குலவரலாறு சொல்கிறது. காசிபரின் மனைவியருள் மனு என்று ஒருத்தி. மனிதர் எல்லாரும் அவள் பெற்ற மக்களாம். எப்படிப் பெற்றாள்? வாயிலிருந்து பிராமணர், மார்பிலிருந்து சத்திரியர், தொடையிலிருந்து வைசியர், காலிலிருந்து சூத்திரர். கவனித்தீர்களா? வேதத்தில் அது ஆணின் உடல். இங்கே பெண்ணின் உடல். அங்கே தோள், இங்கே மார்பு. உடலே மாறியிருக்கிறது, தோள் மார்பாக மாறியிருக்கிறது, கால் மட்டும் மாறவில்லை! எவர் உடலானாலும் சரி, சூத்திரனுக்குக் கால்தான்!

வானத்தையும் விட்டு வைக்கவில்லை. ஆறாம் நூற்றாண்டில் வராகமிகிரர் எழுதிய சோதிட நூலிலே காலபுருடன் வருகிறான். மேடம் தலை, மீனம் பாதம் என்று பன்னிரண்டு இராசிகளும் அவன் உறுப்புகள். வானம் ஓர் உடல். சமுதாயம் ஓர் உடல். இரண்டிலும் மேலே தலை, கீழே கால். விண்ணிலேயே அப்படி எழுதியிருக்கும்போது மண்ணிலே மாற்ற முடியுமா என்று கேட்பதற்கு வசதியான ஏற்பாடு!

இதையெல்லாம் எடுத்துக் காட்டினால் எதிர்த்தரப்பு என்ன சொல்லும்? 1943-இல் சென்னைச் சட்டக் கல்லூரியில் இரா. பி. சேதுப்பிள்ளையும், பிறகு சேலத்தில் சோமசுந்தர பாரதியாரும் அறிஞர் அண்ணாவோடு சொற்போர் நடத்தியபோது, கம்பன் காவியத்துக்குக் கேடயமாக நின்றது கலை. கலைக்கு அடுத்த கேடயம் ஒன்று உண்டு. அதன் பெயர் தத்துவம்.

"தம்பீ! கதையை அப்படியே எடுத்துக் கொள்ளக்கூடாது. எல்லாம் உள்ளுறை. தசரதன் என்றால் பத்துத் தேர். அதாவது பத்துப் பொறிகள். இராவணனின் பத்துத் தலை பத்துத் தீக்குணம். பாண்டவர் ஐவர் ஐம்பொறிகள். குருட்சேத்திரம் எங்கேயோ இல்லை, உன் உடலுக்குள்ளே இருக்கிறது" என்பார் புராணிகர். கீதையின் பதின்மூன்றாம் அத்தியாயம் உடலையே சேத்திரம் என்கிறதே என்று சான்றும் காட்டுவார். கடோபநிடதம் உடலைத் தேர் என்றும், பொறிகளைக் குதிரை என்றும், அறிவைப் பாகன் என்றும் கூறுவதை எடுத்துக் காட்டுவார். காந்தியாரும் பாரதப் போரை மனித உள்ளத்துப் போராகக் கொண்டவர்தான். அவர் உள்ளத்தில் வஞ்சகம் இல்லை என்பதை நாமும் அறிவோம்.

இந்தக் கேடயம் நம் நாட்டுக்கு மட்டும் உரியதன்று. கிரேக்க நாட்டிலும் இருந்தது. கி.மு. ஆறாம் நூற்றாண்டிலே செனோபனசு என்னும் அறிஞர், ஓமரின் காவியத்தில் கடவுளர் களவும் கள்ள ஒழுக்கமும் வஞ்சகமும் செய்கிறார்களே என்று இடித்துரைத்தார். காவியத்தைக் காப்பாற்ற வேண்டுமே! தியாசனசு என்பவர் முன்வந்தார். கடவுளரின் சண்டை என்பது நெருப்பும் நீரும் போன்ற பூதங்களின் மோதல் என்றார். அவருக்குப் பின்னர் வந்த மெட்ரோடோரசு ஒருபடி மேலே சென்றார். அகிலீசு சூரியன், எக்தோர் சந்திரன், எலன் புவி. அதோடு, தெமேத்தர் என்னும் தெய்வம் கல்லீரல், தயோனிசசு மண்ணீரல், அப்பொல்லோ பித்தம் என்றார்! கோவிலில் இருந்த தெய்வங்கள் குடலுக்குப் பக்கத்தில் வந்து குடியேறின. அங்கும் இதிகாசம் உடலாயிற்று; காரணம், அதன் கதை கேள்விக்கு இலக்காயிற்று.

அதற்குப் பிளாட்டோ தம் 'குடியரசு' நூலில் விடையளித்தார். உள்ளுறை இருக்கட்டும், இல்லாமல் போகட்டும். இளம்பிள்ளைக்கு எது உள்ளுறை, எது நேர்ப்பொருள் என்று பிரித்துப் பார்க்கத் தெரியாது. இளமையில் பதிந்தது எளிதில் அழியாது. ஆகவே அத்தகைய கதைகளை ஊருக்குள் விடமாட்டேன் என்பது அவர் கருத்து. கதைகளைத் தடை செய்யும் அவர் முடிவை நாம் ஏற்க வேண்டியதில்லை. ஆனால் அவர் கண்ட உண்மையை மறுக்க முடியுமா? கூடத்தில் அமர்ந்து தத்துவம் கேட்பவர் சிலர். கதையைக் கதையாகவே கேட்டு, காலில் பிறந்தவன் நான் என்று நம்பித் தலைகுனிந்தவர் பலகோடி.

இப்போது மூன்றாவது பொருளுக்கு வருகிறோம். புண்!

உள்ளுறை என்கிறார்களே, இந்த உறுப்புகளுக்கு உள்ளுறை என்ன? வேட்டுவச் சிறுவன் ஏகலைவன், மண்ணில் செய்த உருவத்தின் முன் நின்று தானே வில் பயின்றான். கற்பிக்காத துரோணன் கூலி கேட்டான். கேட்டது எதை? வலக்கைக் கட்டைவிரலை! வில்லுக்கு எந்த உறுப்பு உயிரோ அந்த உறுப்பை! ஐம்பொறியும் பத்துக் குணமும் கண்டுபிடித்த தத்துவம் அந்த விரலுக்கு என்ன பெயர் வைத்தது?

உத்தர காண்டத்திலே சம்பூகன் தலைகீழாகத் தொங்கித் தவம் செய்கிறான். பிராமணச் சிறுவன் ஒருவன் இறந்ததற்கு அதுவே காரணம் என்கிறார்கள். இராமன் வருகிறான், குலத்தைக் கேட்கிறான், சூத்திரன் என்ற விடை கேட்டதும் வாளை உருவித் தலையை அறுக்கிறான். சிறுவன் பிழைக்கிறான்! "அது இடைச்செருகல், உத்தர காண்டமே பிற்காலத்தது" என்பார்கள். இருக்கலாம். கம்பர் அந்தக் காண்டத்தைப் பாடவில்லை. முடிசூட்டு விழாவோடு நிறுத்திக் கொண்டார். ஆனால் செருகியவன் ஏன் செருகினான்? காலில் பிறந்தவன் தலையால் செய்யும் செயலைச் செய்தால் தலை போகும் என்று சொல்ல வேண்டிய தேவை அவனுக்கு இருந்தது, அதனால் செருகினான். இடைச்செருகல் என்பது கதைக்கு மன்னிப்பு ஆகலாம். செருகிய காலத்துக்கு அது சாட்சி.

கதையோடு நின்றதா? சட்டமாகவும் வந்தது. மனு முதல் அத்தியாயத்திலேயே வாய், தோள், தொடை, கால் என்ற பங்கீட்டைச் சொல்லிவிட்டு, எட்டாம் அத்தியாயத்தில் தண்டனைப் பட்டியலைத் தருகிறான். இருபிறப்பாளனைச் சூத்திரன் இழித்துப் பேசினால் நாக்கை அறுக்க வேண்டும். பெயரும் சாதியும் சொல்லி ஏசினால் பழுக்கக் காய்ச்சிய பத்து விரல் நீள இரும்பு ஆணியை வாயில் செலுத்த வேண்டும். பிராமணனுக்கு அறம் போதிக்கத் துணிந்தால் வாயிலும் செவியிலும் கொதிக்கும் எண்ணெய். கையை ஓங்கினால் கை, காலால் உதைத்தால் கால். சமமாக அமர்ந்தால் இடுப்பிலே சூடு. கௌதம தரும சூத்திரம், வேதத்தைக் காதால் கேட்டவன் காதிலே உருக்கிய ஈயத்தையும் அரக்கையும் ஊற்றச் சொல்கிறது.

நாக்கு, வாய், செவி, கை, கால், இடுப்பு! உறுப்பு உறுப்பாக நடக்கிறது சட்டம். ஏன் நாக்கை அறுக்க வேண்டும் என்பதற்கு மனு காரணமும் சொல்கிறான்: அவன் இழிந்த இடத்தில் தோன்றியவன்! எந்த இடம்? அந்தப் புருடனின் கால்! தத்துவம், உள்ளுறை, குறியீடு என்று இன்று சொல்லும் அதே உடற்கதையை, அன்று தண்டனைக்குக் காரணமாக எழுதி வைத்திருக்கிறார்கள். எல்லா மன்னரும் எல்லாக் காலத்திலும் இச்சட்டத்தை அப்படியே நடத்தினார்கள் என்று நாம் சொல்லவில்லை. ஆனால் எழுதியவன் குறியீடாக எழுதவில்லை. கேள்வி கேட்டால் 'அது உருவகம்'. கேளாமல் கிடந்தால் 'அது கட்டளை'! இந்த இரட்டை வேடத்தைத்தான் நாம் கண்டுகொள்ள வேண்டும்.

சமுதாயத்தை உடலாகச் சொன்னவர்கள் வேறு நாட்டிலும் உண்டு. கி.மு. 494-இல் உரோமாபுரியின் பாமர மக்கள், கடன் கொடுமை தாளாமல், ஊரை விட்டு வெளியேறி மலையிலே போய் அமர்ந்தார்கள். அவர்களை அழைத்துவர மெனேனியசு அகிரிப்பா அனுப்பப்பட்டான். கை, வாய், பல் எல்லாம் வயிற்றோடு சண்டையிட்டுப் பட்டினி போட்டன. உடல் முழுதும் நலிந்தது என்று அவன் கதை சொன்னதாக லிவி எழுதுகிறார். அதுவும் மேல்தட்டுக்கு ஆதரவான கதைதான். ஆனால் அம்மக்கள் கதையைக் கேட்டுவிட்டுச் சும்மா திரும்பவில்லை. தங்களைக் காக்கத் தங்களிடமிருந்தே அதிகாரிகளைத் தேர்ந்தெடுக்கும் உரிமையைப் பெற்றுத் திரும்பினார்கள். அந்த அதிகாரியின் உடல்மீது எவன் கை வைத்தாலும் அவன் சாபத்துக்கு ஆளானவன் என்று விதியும் செய்தார்கள். அங்கே உடற்கதை, பாமரன் ஒருவனின் உடலுக்குக் காவலில் முடிந்தது. இங்கே உடற்கதை, பாமரன் காதிலே ஈயத்தில் முடிந்தது. கதை ஒன்றுபோல் இருந்தாலும் கேட்டவர் எழுந்து நின்றாரா, படுத்துக் கிடந்தாரா என்பதில் இருக்கிறது வேறுபாடு.

இன்னொரு வேடிக்கை! உடலைப் பற்றி இவ்வளவு பேசியவர்கள், உடலை உண்மையாகவே அறிந்தவனை எப்படி நடத்தினார்கள்? சுசுருதரின் மருத்துவ நூல், பிணத்தை நீரில் ஊறவைத்துத் தோலை அடுக்கடுக்காகத் தேய்த்து நீக்கி உள்ளுறுப்புகளைக் கண்ணால் பார்த்துக் கற்கச் சொல்கிறது. எவ்வளவு துணிவான அறிவு! ஆனால் மனு, பிணத்தைத் தொட்டால் தீட்டு என்கிறான். மருத்துவன் தரும் சோற்றை உண்ணக்கூடாது என்கிறான். வேள்வியில் கூறுபட்ட கற்பனை உடல் புனிதம். கண்ணெதிரே கிடக்கும் உண்மை உடல் தீட்டு! ஆரியபட்டரின் நிழலை இராகுவின் தலை மறைத்ததுபோல, சுசுருதரின் கத்தியைப் புருடனின் கால் மிதித்தது. மீண்டும் இந்நாட்டு மருத்துவர் ஒருவர், மதுசூதன குப்தர், கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் பிணத்தை அறுத்துக் கற்பித்தது 1836-இல்! அக்கத்தி வாயில் பிறந்தவன் குடல் வேறு, காலில் பிறந்தவன் குடல் வேறு என்று காட்டவில்லை. 1901-இல் இலாண்டுசுடைனர் குருதியிலே வகைகள் கண்டார். அந்த வகைகளும் வருணத்தைக் கேட்டுப் பிரியவில்லை.

அப்படியானால் இதிகாசக் கதைகள் எல்லாவற்றையும் கொளுத்திவிட வேண்டுமா என்று கேட்கலாம். மலையடிவாரத்துக்குத் திரும்புவோம். பழைய வட ஆர்க்காட்டுச் சிற்றூர்களிலே திரௌபதி அம்மன் விழாவைக் கண்டிருப்பீர்கள். பகலிலே பாரதப் பிரசங்கம், இரவிலே கூத்து, கடைசியிலே படுகளம். பாரதம் படிப்பது தமிழ்நாட்டில் பழைய வழக்கம். ஏழாம் நூற்றாண்டிலேயே பல்லவன் பரமேசுவரவர்மனின் கூரம் செப்பேடு, மண்டபத்தில் பாரதம் வாசிப்பவருக்கு ஒரு பங்கு ஒதுக்குகிறது.

படுகளத்தன்று திடலிலே துரியோதனன் படுத்திருப்பான். உயிரில்லாத மண்ணுடல், பல அடி நீளம். பீமன் வேடமிட்டவர் தொடையிலே அடிப்பார். உள்ளே புதைத்து வைத்த செந்நீர் பீறிடும். அதைத் தொட்டுத் திரௌபதி கூந்தல் முடிவாள். இதுவும் காவியத்தை உடலாக்கியதுதான். ஆனால் வேறுபாட்டைப் பாருங்கள். இங்கே அடிபடுவது மண். அடிபடுபவன், சபையிலே ஒரு பெண்ணை இழுத்து வந்து தொடையைத் தட்டிக் காட்டிய மன்னன். அரசன் தொடையைப் பாமரன் உடைக்கிறான். அவமதிக்கப்பட்டவள் கூந்தல் முடிகிறாள். மறுநாள் மழை பெய்தால் மண்ணுடல் கரைந்து மண்ணோடு போகும். எவர் விரலும் போகவில்லை. எவர் காதும் நிரம்பவில்லை. அங்கேயும் சாமியாட்டமும் மூடநம்பிக்கையும் உண்டு; அவற்றை நாம் கண்டிக்கத்தான் செய்வோம். ஆயினும் கூத்தாகக் கண்டு, கதையாக அறிந்து, கலையாகப் போற்ற அதிலே இடம் உண்டு.

ஆகவே நம் அளவுகோல் எளிது. கதை மண்ணுடலை அடிக்கிறதா, மனித உடலை அடிக்கிறதா? அடிபடுவது மன்னன் தொடையா, வேடன் விரலா? இதை முதலில் கேளுங்கள். பிறகு உள்ளுறை பேசலாம்.

1950 சனவரி 26-இல் நடப்புக்கு வந்த அரசியல் சட்டம், தன் பதினேழாம் பிரிவில் தீண்டாமையை ஒழித்ததாக அறிவித்தது. தமிழ்நாட்டில் 1970-இல் பரம்பரை அர்ச்சகர் முறையை ஒழிக்கச் சட்டம் வந்தது. காலில் பிறந்தவர் என்று ஒதுக்கப்பட்டோர் பயிற்சி பெற்றுக் கருவறையில் பணிசெய்ய அரசு ஆணை தருவதற்கு 2021 ஆகசுட்டு ஆயிற்று. சட்டத்துக்கும் ஆணைக்கும் இடையிலே ஐம்பத்தோராண்டு! சட்டத்தில் ஒரு வரியை அழிப்பதைவிட, மனத்தில் பதிந்த உடற்படத்தை அழிப்பது எவ்வளவு கடினம் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

இளைஞர்களே! ஆலங்காயம் வழியாக அடுத்த முறை செல்லும்போது, ஒரு நாள் காவலூர் மலைக்கு ஏறிப் பாருங்கள். வானத்திலே தலையும் இல்லை, காலும் இல்லை. சுற்றும் கோளும் விழும் நிழலும்தான். இறங்கி வந்து உங்கள் கையை விரித்துப் பாருங்கள். கட்டைவிரல் இருக்கிறது. அதை இனி எந்தத் துரோணனும் கூலியாகக் கேட்க விடாதீர்கள். கேட்டால், உள்ளுறை என்ன என்று கேட்காதீர்கள். உரிமை என்ன என்று கேளுங்கள்.